பூஜ்யத்தில் நிற்கும் டவுன்லோட்

போன வருடம் ஒரு சனிக்கிழமை ராத்திரி. கணினி விளையாட்டுகளை இணையத்தில் விற்கும் ஸ்டீமில் பால்டர்ஸ் கேட் 3 வாங்கி, டவுன்லோட் போட்டுவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தேன். பெரிய விளையாட்டு. 150 ஜிபி இடம் வேண்டும் என்று கடைப் பக்கத்திலேயே போட்டிருப்பார்கள். எங்கள் வீட்டு இணைப்பு 100 மெகாபிட். நான் தூங்கப் போவதற்குள் முக்கால்வாசி வந்துவிடும் என்று கணக்குப் போட்டிருந்தேன். கை கழுவிவிட்டு வந்து பார்த்தால் வேகம் 0 என்று நின்றது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே 11 மெகாபைட்டுக்கு ஏறியது, ஐந்தாறு நொடி ஓடியது, மறுபடி 0.

மோடத்தை அணைத்துப் போட்டேன். வைஃபையை விட்டுவிட்டு ஒயரைச் செருகிப் பார்த்தேன். ஸ்டீமை மூடித் திறந்தேன். எதற்கும் மசியவில்லை. மறுநாள் காலையில் ஃபைபர் இணைப்பு கொடுத்த தம்பிக்குப் போன் போட்டேன். பாளையங்கோட்டையில் ஞாயிற்றுக்கிழமை ஒருவரைக் கூப்பிட்டு வரவைப்பது லேசான காரியமில்லை. ஆனாலும் வந்தார். ஃபைபர் முனையைக் கழற்றி, கையடக்க மீட்டரில் வைத்துப் பார்த்தார்.

“லைட்டு மைனஸ் 19ல நிக்கி அண்ணாச்சி. லைன்ல ஒரு குறையும் இல்ல. கம்ப்யூட்டர்லதான் பாக்கணும்.”

தன்னுடைய போனிலேயே வேகம் சோதித்தும் காட்டினார். 98 மெகாபிட். அவர் போன பிறகு அந்த டவுன்லோட் பக்கத்தின் முன்னால் உட்கார்ந்தேன். பத்து வருடத்துக்கு மேல் ஸ்டீம் வைத்திருக்கிறேன். ஆனால் அந்தப் பக்கத்தில் எத்தனை சதவீதம், எவ்வளவு நேரம் என்ற இரண்டைத் தவிர வேறு எதையும் நான் நின்று படித்ததில்லை என்பது அன்றைக்குத்தான் புரிந்தது.

ஸ்டீம் சாளரத்தின் அடியில், நடுவில், டவுன்லோட் பற்றிய வரி ஒன்று இருக்கும். அதை அழுத்தினால் பக்கம் விரியும். மேலே ஒரு வரைபடம் ஓடிக்கொண்டிருக்கும். அதில் நீலக் கட்டைகள் இணையத்திலிருந்து வந்து சேர்வதைக் காட்டுபவை. குறுக்கே போகும் பச்சைக் கோடு டிஸ்க்கில் நடக்கும் வேலையைக் காட்டுவது. பக்கத்திலேயே எண்களும் இருக்கும்: இப்போதைய வேகம், உச்ச வேகம், டிஸ்க் பயன்பாடு. என் வரைபடத்தில் நீலம் விழுந்து கிடந்த இடத்தில் எல்லாம் பச்சை மேலே நின்றது. நீலம் எழும்பும்போது பச்சை கொஞ்சம் இறங்கியது. ஆக, எதுவும் நின்றுபோகவில்லை. வந்ததை எழுதி முடிக்க என் ஹார்ட் டிஸ்க் திணறிக்கொண்டிருந்தது. அது முடிக்கும்வரை ஸ்டீம் புதிதாக எதையும் வாங்காமல் காத்திருந்தது.

வீடு கட்டும் இடத்தில் செங்கல் லாரி வருவதை நினைத்துக்கொள்ளுங்கள். லாரி வேகமாக வரலாம். இறக்க ஆள் வேண்டும், கட்டக் கொத்தனார் வேண்டும். கொத்தனார் மெதுவானால் வாசலில் கல் குவிந்துவிடும், அடுத்த லாரி தெருவிலேயே நிற்கும். தெருவில் நிற்கும் லாரியைப் பார்த்துவிட்டுச் சூளைக்காரருக்குப் போன் போடுவதைப் போன்றதுதான் நான் அன்றைக்குச் செய்தது.

உள்ளே நடப்பது இதுதான். ஸ்டீம் ஒரு விளையாட்டை முழுக் கோப்புகளாக அனுப்புவதில்லை. ஒவ்வொரு கோப்பையும் சுமார் ஒரு மெகாபைட் அளவுள்ள துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு துண்டையும் சுருக்கி, பூட்டி வைத்திருக்கும். நம் கணினிக்கு வந்ததும், அதன் மூளையான சிபியூ பூட்டைத் திறந்து, சுருக்கியதை விரிக்கும். விரித்ததை டிஸ்க் தன் இடத்தில் எழுதும். ஆகவே 11 மெகாபைட் வந்தால் எழுத வேண்டியது 11-ஐ விட அதிகமாக இருக்கும். எவ்வளவு அதிகம் என்பது அந்தந்த விளையாட்டைப் பொறுத்தது. பழைய ஹார்ட் டிஸ்க்கில் முள் நகர்ந்து நகர்ந்து எழுத வேண்டும். ஒரே சீராக எழுதினால் நொடிக்கு 100 மெகாபைட்டைத் தாண்டக்கூடிய டிஸ்க்கே, அங்கொன்றும் இங்கொன்றுமாக எழுதச் சொன்னால் சில மெகாபைட்டுக்கு இறங்கிவிடும். என்னுடையது 2017-ல் வாங்கியது. பத்தில் ஒன்பது பங்கு நிரம்பியிருந்தது. போதாததற்கு ஆன்டிவைரஸும் எழுதிய ஒவ்வொரு கோப்பையும் திறந்து பார்த்துக்கொண்டிருந்தது.

இணையம், சிபியூ, டிஸ்க். இந்த மூன்றில் எது திணறினாலும் திரையில் தெரிவது ஒரே ஒரு விஷயம்: டவுன்லோட் மெதுவாகப் போகிறது. நீலமும் பச்சையும் சேர்ந்தே கீழே கிடந்தால் இணைப்பைப் பாருங்கள். நீலம் விட்டு விட்டு வந்து, பச்சை உயரத்தில் நின்றால் டிஸ்க். இணைப்பு நல்ல வேகம், முள் இல்லாத வேகமான டிஸ்க்கான எஸ்எஸ்டியும் இருக்கிறது, ஆனாலும் ஒரு அளவுக்கு மேல் ஏறவில்லை என்றால் விண்டோஸின் டாஸ்க் மேனேஜரைத் திறந்து சிபியூவைப் பாருங்கள். பழைய சிபியூவில் விரிக்கும் வேலைக்கே 100 சதவீதம் போய்விடும்.

விளையாட்டின் கடைப் பக்கத்திலேயே எஸ்எஸ்டி தேவை என்று எழுதியிருந்தது. அந்த வரியைக் கடந்து போயிருக்கிறேன். அந்த மாதமே ஒரு டெராபைட் எஸ்எஸ்டி வாங்கி மாட்டினேன். செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதிக்குப் போய்ப் புது டிரைவைச் சேர்த்து, விளையாட்டுகளைத் தேர்ந்தெடுத்து, ‘மூவ்’ கொடுத்தால் போதும். மறுபடி டவுன்லோட் செய்ய வேண்டியதில்லை. இது தெரியாமல் அழித்துவிட்டு, 100 ஜிபியை மறுபடி இறக்கியவர்கள் எனக்குத் தெரிந்தே இரண்டு பேர் இருக்கிறார்கள்.

இங்கே அளவைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஆங்கிலத்தில் சின்ன எழுத்தும் பெரிய எழுத்தும் வைத்து மெகாபிட்டையும் மெகாபைட்டையும் பிரித்து எழுதிவிடுவார்கள். தமிழில் இரண்டுமே ‘எம்பி’ ஆகிவிடுகின்றன. பேச்சிலும் அப்படித்தான். “100 எம்பி பிளான் போட்டிருக்கேன், 12 எம்பிதான் வருது” என்று எத்தனை பேர் சண்டைக்குப் போயிருக்கிறார்கள்! இணைப்பு விற்பவர்கள் பிட்டில் சொல்கிறார்கள். ஸ்டீம் நாமாக மாற்றாதவரை பைட்டில் காட்டுகிறது. 8 பிட் ஒரு பைட். 100 மெகாபிட் என்றால் அதிகபட்சம் 12.5 மெகாபைட். 12 வந்தால் உங்களுக்கு விற்றது முழுதாகவே வந்து சேர்கிறது. 60 ஜிபி விளையாட்டு என்றால் ஏறக்குறைய 80 நிமிடம் ஆகும். செட்டிங்ஸில் டவுன்லோட் பகுதியில், வேகத்தைப் பிட்டில் காட்டச் சொல்ல ஒரு பொத்தான் இருக்கிறது. இணைய நிறுவனத்தோடு பேசுவதற்கு முன்னால் அதைப் போட்டுக்கொள்ளுங்கள், பேச்சு பாதியாகக் குறையும். இந்தக் குழப்பத்துக்காகவே இந்தக் கட்டுரை முழுவதும் எம்பி என்று எழுதாமல் தவிர்க்கிறேன்.

டவுன்லோட் விஷயத்தில் எனக்கு இவ்வளவு அக்கறை வந்ததற்குக் காரணம் 2012.

ஸ்டீம் வந்தது 2003 செப்டம்பரில். அடுத்த வருடம் நவம்பரில் ஹாஃப்-லைஃப் 2 வந்தபோது, கடையில் சிடி வாங்கினால்கூட ஸ்டீம் இல்லாமல் ஆட முடியாது என்றார்கள். நாங்கள் அதையெல்லாம் பத்திரிகையில் படித்ததோடு சரி. திருநெல்வேலியில் அப்போது எங்களுக்கு விளையாட்டு என்றால் பிரவுசிங் சென்டரில் மணிக்கணக்குக்குக் காசு கொடுத்து ஆடுவது, இல்லாவிட்டால் யாராவது சென்னைக்குப் போய்விட்டு வரும்போது ரிச்சி ஸ்ட்ரீட்டிலிருந்து வாங்கி வரும் டிவிடி. 2011 ஜூனில் டீம் ஃபோர்ட்ரெஸ் 2 என்ற விளையாட்டை இலவசமாக்கினார்கள். கார்டு வேண்டாம், டாலர் வேண்டாம். ஸ்டீமில் ரூபாய் விலை வருவதற்கு 2015 நவம்பர் வரை காத்திருக்க வேண்டியிருந்தது என்பதால், எங்களைப் போன்றவர்களுக்கு அந்த இலவசம்தான் வாசல்.

வாசல் திறந்தது, ஆனால் நடக்கும் தூரம் அதிகம். வீட்டில் இருந்தது 512 கிலோபிட் இணைப்பு. மாதத்துக்கு இவ்வளவு ஜிபி என்று வரம்பு உண்டு. ராத்திரி 2 மணியிலிருந்து காலை 8 மணி வரை பயன்படுத்துவது மட்டும் கணக்கில் சேராது. நொடிக்கு 64 கிலோபைட் வீதம் அந்த ஆறு மணி நேரம் முழுதாகக் கிடைத்தால் 1.4 ஜிபி வரும். விளையாட்டு ஏறக்குறைய 10 ஜிபி. ஒரு வாரம் ராத்திரி 2 மணிக்கு அலாரம் வைத்து எழுந்து, ரெஸ்யூம் கொடுத்துவிட்டுப் படுத்து, 8 மணிக்கு முன்னால் மறக்காமல் நிறுத்த வேண்டும்.

அது மின்வெட்டுக் காலம். சென்னைக்கு வெளியே இருந்தவர்களுக்கு 2012 என்று சொன்னாலே போதும், வேறு விளக்கம் வேண்டாம். ஒரு மணி நேரம் கரண்ட் இருக்கும், ஒரு மணி நேரம் இருக்காது. ராத்திரியும் அதே கதைதான். யூபிஎஸ் கத்த ஆரம்பித்ததும் ஸ்டீமில் பாஸ் கொடுத்துவிட்டுக் கணினியை முறைப்படி அணைப்பேன். சில நாள் எழுந்திருக்க முடியாமல் போய், பேட்டரி தீர்ந்து தானாக அணைந்துவிடும். காலையில் பயந்துகொண்டே திறப்பேன். விட்ட இடத்துக்குப் பக்கத்திலிருந்து தொடரும். அந்த நிம்மதியை எழுத்தில் கொண்டுவர எனக்குத் தெரியவில்லை. மற்ற இணையதளங்களில் பிரவுசர் வழியாக இறக்கும்போது 90 சதவீதத்தில் அறுந்தால் முழுக்க முதலிலிருந்து வர வேண்டியிருக்கும். துண்டு துண்டாக வாங்கும் ஏற்பாட்டில், முழுதாக வந்துசேர்ந்த துண்டு வந்ததுதான். பாதியில் அறுந்ததை மட்டும் மறுபடி வாங்கினால் போதும்.

எட்டாம் நாள் விளையாட்டு திறந்தது. அன்று ஆடியதைவிட அந்த ஏழு ராத்திரிகள்தான் எனக்கு அதிகம் நினைவிருக்கின்றன.

இப்போது அலாரம் தேவையில்லை. செட்டிங்ஸில் டவுன்லோட் பகுதியில், எந்த நேரத்திலிருந்து எந்த நேரம் வரை தானியங்கி அப்டேட் நடக்கலாம் என்று குறித்துவிடலாம். என்னுடையது ராத்திரி 1 முதல் காலை 6 வரை. இதில் இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். இந்த நேரக் கட்டுப்பாடு அப்டேட்டுகளுக்குத்தான். நீங்களே கையால் தொடங்கும் புது டவுன்லோட் இதைப் பார்த்துக் காத்திருக்காது. அப்புறம், அந்த நேரத்தில் கணினி விழித்திருக்க வேண்டும். தூங்கும் கணினியை ஸ்டீம் எழுப்பாது.

2020 மார்ச்சில் ஊரடங்கு வந்து உலகமே வீட்டுக்குள் முடங்கியபோது, ஸ்டீமை நடத்தும் வால்வ் நிறுவனம் இதில் தானாகவே ஒரு மாற்றம் செய்தது. அண்மையில் ஆடாத விளையாட்டுகளின் அப்டேட்டை, அந்தந்த ஊரின் நெரிசல் குறைந்த நேரத்துக்குத் தள்ளிவைத்து, பல நாட்களுக்குப் பிரித்துப் போட்டார்கள். கடைசி மூன்று நாளுக்குள் ஆடியதற்கு மட்டும் உடனே. அலுவலகமும் பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் ஒரே கம்பியில் ஓடிக்கொண்டிருந்த நேரத்தில், ஆறு மாதமாகத் தொடாத விளையாட்டுக்கு 20 ஜிபி அப்டேட் எதற்கு? எனக்கு இது மிகச் சரியான முடிவாகப் பட்டது. ஊருக்குச் செய்ததை வீட்டுக்குள்ளும் செய்ய வேண்டும் என்று தோன்றியது அதன் பிறகுதான்.

எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அக்கா மஸ்கட்டிலிருந்து வீடியோவில் கூப்பிடுவாள். அம்மாவுக்கு வாரத்தில் அதுதான் முக்கியமான ஒரு மணி நேரம். ஒரு தடவை நான் உள் அறையில் டவுன்லோட் போட்டுவிட்டுப் புத்தகம் படித்துக்கொண்டிருந்தேன். கூடத்திலிருந்து அம்மாவின் குரல் உயர்ந்துகொண்டே போனது.

“ஏட்டி, நீ பேசுறது விட்டு விட்டுக் கேக்கு. முகம் அப்படியே நிக்கி.”

கொஞ்ச நேரத்தில் என்னிடம் வந்தாள். “ஏய்யா, நெட்டுல எதுவும் போட்டிருக்கியா? அவ பேசுறது ஒண்ணும் விளங்கல.”

ஒரு வீடியோ அழைப்புக்கு இரண்டு மூன்று மெகாபிட் போதும். 100 மெகாபிட்டில் அது ஒரு மூலைக்குக்கூட வராது. பிறகு ஏன் அறுகிறது? ஸ்டீம் ஒரே நேரத்தில் பல இணைப்புகளைத் திறந்து, கிடைக்கும் வேகம் முழுவதையும் எடுத்துக்கொள்கிறது. வருகிற தரவு வீட்டுக்குள் நுழையும் இடத்தில் வரிசை கட்டி நிற்கிறது. அம்மாவின் அழைப்புக்கான சின்னச் சின்னப் பொட்டலங்களும் அதே வரிசையில், பின்னால் நிற்க வேண்டும். டவுன்லோடுக்கு அரை நொடி தாமதம் ஒரு பொருட்டே இல்லை. பேசுகிறவர்களுக்கு அரை நொடி என்பது பேச்சு அறுவது.

வழி எளிதானது. அதே டவுன்லோட் பகுதியில் வேக வரம்பு வைக்க இடம் இருக்கிறது. நான் 7000 கிலோபைட் கொடுத்திருக்கிறேன். பிட்டில் 56 மெகாபிட். வரிசையே கட்டாதபடி மீதியைத் திறந்துவிட்டால் அழைப்பு தடையில்லாமல் போகிறது. 60 ஜிபிக்கு 80 நிமிடத்துக்குப் பதில் இரண்டரை மணி நேரத்துக்குள் ஆகும், ஆகட்டும். யாரும் இல்லாத ராத்திரியில் வரம்பை எடுத்துவிடுவேன். ஞாயிறு சாயங்காலம் 5 மணிக்குப் பாஸ். இதை யாரும் எனக்கு நினைவூட்ட வேண்டியதில்லை.

விளையாடிக்கொண்டிருக்கும்போது பின்னணியில் டவுன்லோட் நடக்கலாமா என்பதற்கும் ஒரு பொத்தான் உண்டு. மூடியே வையுங்கள். ஆன்லைன் ஆட்டத்தில் பிங், அதாவது தாமதம், ஏறுவதற்குப் பாதி நேரம் வீட்டுக்குள்ளேயே காரணம் இருக்கும். ஒவ்வொரு விளையாட்டுக்கும் தனித்தனியாக, உடனே அப்டேட் செய்யலாமா, திறக்கும்போது மட்டும் செய்யலாமா என்றும் சொல்லிவைக்கலாம். போன் ஹாட்ஸ்பாட்டில் தினம் 1.5 ஜிபி, 2 ஜிபி என்று ஓட்டுபவர்கள் இதைத்தான் முதலில் செய்ய வேண்டும். ஒரே ஒரு தானியங்கி அப்டேட் அன்றைய டேட்டாவைக் காலை எழுவதற்குள் தின்றுவிடும்.

அடுத்தது, எனக்கு அடிக்கடி வரும் கேள்வி. “அப்டேட் 300 மெகாபைட்தான், இறங்கி முடிந்துவிட்டது, ஆனால் அரை மணி நேரமாக ‘பேட்ச்சிங்’ என்றே காட்டுகிறது. ஏன்?” விளையாட்டைச் செய்பவர்கள் ஆயிரக்கணக்கான படங்களையும் ஒலிகளையும் பெரிய பெரிய பொட்டலக் கோப்புகளில் அடைத்து வைக்கிறார்கள். ஒரு கோப்பே பத்து இருபது ஜிபி இருக்கும். அதன் நடுவில் ஒரு துளி மாறினாலும், பழைய கோப்பிலிருந்து மாறாத பகுதிகளை எடுத்து, புதியதையும் சேர்த்து, முழுக் கோப்பையும் புதிதாக எழுதிய பிறகுதான் பழையதை நீக்க முடியும். இணையத்தில் வருவது 300 மெகாபைட், டிஸ்க்கில் எழுதுவது 20 ஜிபி. நீலம் சுத்தமாக இல்லாமல் பச்சை மட்டும் ஓடிக்கொண்டிருந்தால் இதுதான் நடக்கிறது. அவசரப்பட்டு ஸ்டீமைக் கொல்லாதீர்கள். சின்ன அப்டேட்டுக்கு ‘இடம் போதவில்லை’ என்று அது சொல்வதற்கும் காரணம் இதுவே. புதியதும் பழையதும் கொஞ்ச நேரம் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும். டிரைவில் குறைந்தது உங்கள் பெரிய விளையாட்டின் பாதி அளவாவது காலியாக விட்டுவையுங்கள் என்பது என் அனுபவம்.

விளையாட்டுகள் ஏன் இவ்வளவு வீங்குகின்றன என்பதற்கு ஹெல்டைவர்ஸ் 2 நல்ல சாட்சி. 2024 பிப்ரவரியில் வந்த விளையாட்டு. கணினியில் 150 ஜிபியைத் தாண்டிவிட்டது. பிளேஸ்டேஷன் 5-ல் அதற்கு அதில் கால்வாசி இடம்கூட வேண்டியிருக்கவில்லை. காரணம், ஹார்ட் டிஸ்க். முள் அங்குமிங்கும் ஓடித் தேடாமல் இருக்கட்டும் என்று, ஒரே படத்தைத் தேவைப்படும் இடத்துக்கெல்லாம் பிரதி எடுத்துப் பக்கத்திலேயே வைத்திருந்தார்கள். பிளேஸ்டேஷன் 5-ல் இருப்பது எஸ்எஸ்டி, அங்கே அந்தத் தேவை இல்லை. 2025 கடைசியில் அதைச் செய்த ஆரோஹெட் ஸ்டுடியோக்காரர்கள் அந்தப் பிரதிகளை நீக்கிச் சுமார் 23 ஜிபிக்குக் கொண்டுவந்தார்கள். ஹார்ட் டிஸ்க் வைத்திருப்பவர்களுக்குக்கூட ஏற்றும் நேரம் பெரிதாகக் கூடவில்லை என்று அவர்களே பார்த்துச் சொன்னார்கள். எத்தனை வீடுகளில் எத்தனை ராத்திரிகள் அந்த மீதி 130 ஜிபிக்காகப் போயிருக்கும் என்று நினைத்தால் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. இடமும் டேட்டாவும் எல்லோருக்கும் ஒரே விலையில் கிடைப்பதில்லை. விளையாட்டு செய்கிறவர்கள் இதைத் தொடக்கத்திலேயே யோசிக்க வேண்டும்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். வேகம் திடீரென்று குறைந்து, வரைபடத்தில் நீலமும் பச்சையும் இரண்டுமே படுத்திருந்தால், டவுன்லோட் பகுதியில், எந்த ஊர் சர்வரிலிருந்து வருகிறது என்பதை மாற்றிப் பாருங்கள். நான் சென்னையில் வைத்திருப்பேன், அங்கே நெரிசல் என்றால் மும்பை. பண்டிகை விடுமுறையிலும் பெரிய தள்ளுபடி நாட்களிலும் இது உதவும். அதற்கும் கேட்காவிட்டால் அதே இடத்தில் டவுன்லோட் கேஷை, அதாவது தற்காலிகச் சேமிப்பை, அழிக்கலாம். விளையாட்டுகள் போகாது, மறுபடி லாகின் செய்யச் சொல்லும், அவ்வளவுதான். விளையாட்டு திறக்காமல் பாதியில் விழுந்தால், அதன் பிராப்பர்ட்டீஸில் கோப்புகளைச் சரிபார்க்கும் வசதி இருக்கிறது. உள்ள துண்டுகள் ஒவ்வொன்றையும் இருக்க வேண்டியதோடு ஒப்பிட்டு, பொருந்தாததை மட்டும் மறுபடி வாங்கும். விளையாட்டை மாற்றியமைக்கும் மோட் போட்டிருந்தால் அது மாற்றிய கோப்புகளையும் பழையபடி ஆக்கிவிடும் என்பதை மறக்க வேண்டாம். கரண்ட் போய் அணைந்த கணினியில் நான் முதலில் செய்வது இதைத்தான். ஒரு விளையாட்டை நீக்குவதற்கு முன்னால், சேமித்த ஆட்டம் கிளவுடில், அதாவது ஸ்டீமின் இணையச் சேமிப்பில், ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். எல்லா விளையாட்டிலும் அந்த வசதி இல்லை.

இனி ஒயர் கதை.

அக்கா மகன் மதுரைப் பக்கம் ஒரு கல்லூரியில் இரண்டாம் வருடம் படிக்கிறான். ஹாஸ்டல் வைஃபையில் எது இறக்கினாலும் ஆமை வேகம், அதுவும் ராத்திரி பத்து மணிக்கு நின்றுவிடும். தீபாவளிக்கு ஆச்சியைப் பார்க்க வந்தவன், பலகாரம் சாப்பிட்ட கையோடு லேப்டாப்பைத் திறந்தான்.

“மாமா, டோட்டா 2 இறக்கணும். 60 ஜிபி. உங்க நெட்டுல போடட்டா?”

என் கணினியில் டோட்டா 2 இருக்கிறது. இருக்கும்போது அதே 60 ஜிபியை எதற்கு மறுபடி ஊருக்கு வெளியிலிருந்து வரவைக்க வேண்டும்? 2023-ல் ஸ்டீமில் ஒரு வசதி வந்தது. ஒரே வீட்டு நெட்வொர்க்கில் இரண்டு கணினிகள் இருந்தால், ஒன்றில் உள்ள விளையாட்டை இன்னொன்று நேராக அதிலிருந்தே வாங்கிக்கொள்ளலாம். இரண்டிலும் ஸ்டீம் திறந்து லாகின் ஆகியிருக்க வேண்டும். எனக்கு மட்டும், நண்பர்களுக்கு, எல்லோருக்கும் என்று யாருக்குக் கொடுக்கலாம் என்பதைத் தேர்ந்தெடுக்கலாம். அவனும் நானும் ஸ்டீமில் நண்பர்கள். இரண்டு பக்கமும் நண்பர்கள் என்று மாற்றினோம். விளையாட்டு அவன் கணக்கிலும் இருக்க வேண்டும். டோட்டா இலவசம் என்பதால் அதில் சிக்கல் இல்லை.

வைஃபையில் தொடங்கினோம். அவன் உட்கார்ந்த இடம் மோடத்துக்கு இரண்டு சுவர் தள்ளி. வேகம் தள்ளாடியது. சரி, ஒயரில் போடுவோம் என்று, இணைப்பு கொடுத்தபோது மீந்து கிடந்த ஒயரை எடுத்து மோடத்தில் செருகினேன். 11 மெகாபைட். ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை, கட்டிப்போட்டதைப் போல் நின்றது. இரண்டு பக்கமும் எஸ்எஸ்டி. சிபியூ பாதிகூட ஓடவில்லை. நீலம் சீராக, பச்சை தாழ்வாக.

“மாமா, இது 100 மெகாபிட்டுல்லா? நெட்டுலேருந்துதான் வருதோ?”

அந்தச் சந்தேகம் எனக்கும் வந்தது. ஆனால் பக்கத்தில் என் கணினியின் பெயரைத்தான் காட்டியது. விண்டோஸில் நெட்வொர்க் விவரத்தைத் திறந்து பார்த்தோம். இணைப்பு வேகம் 100 என்று இருந்தது. ஒயரின் முனையை விளக்கு வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். கண்ணாடி போன்ற அந்தச் சின்ன முனைக்குள் எட்டு இடம் இருக்க வேண்டும், எட்டிலும் கம்பி இருக்க வேண்டும். இதில் நான்குதான் இருந்தன. ஆரஞ்சு ஜோடி, பச்சை ஜோடி. நீலமும் பழுப்பும் உறைக்குள்ளேயே வெட்டி விடப்பட்டிருந்தன. 100 மெகாபிட்டுக்கு நான்கு கம்பி போதும். ஜிகாபிட்டுக்கு எட்டும் வேண்டும்.

பக்கத்துத் தெருவில் கம்ப்யூட்டர் கடை பாதி ஷட்டரோடு திறந்திருந்தது. ஐந்து மீட்டர் ஒயர் ஒன்று வாங்கி வந்தான். செருகியதும் 1000 என்று மாறியது. டவுன்லோட் 80 மெகாபைட்டைத் தொட்டது. அவன் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு வரைபடத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். இப்போது நீலமும் பச்சையும் கைகோத்து மேலே போயின. இந்த வேகத்தில் அனுப்பும் கணினிக்கும் வேலை உண்டு. என் சிபியூவின் விசிறி சத்தம் போட ஆரம்பித்தது. கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிட்டது.

அந்தக் கால் மணி நேரமும் கூடத்தில் அம்மா அக்காவோடு பேசிக்கொண்டிருந்தாள். வீட்டுக்குள்ளேயே நடந்த வேலை, வெளி இணைப்புக்கு ஒரு பாரமும் இல்லை. அக்கா அங்கே சுட்ட முறுக்கைக் காட்டியிருப்பாள் போலிருக்கிறது. அம்மா, மாவு சலிக்காமல் பிசைந்திருக்கிறாய் என்று குறை சொல்லிக்கொண்டிருந்தாள். ஒரு வார்த்தை அறுபடவில்லை.

ஊருக்குக் கிளம்பும்போது பையை அடைத்துக்கொண்டே கேட்டான்.

“மாமா, இந்த ஒயர நான் கொண்டு போகட்டா? எங்க ரூம்ல நாலு பேர் இருக்கோம். ஒருத்தன்ட்ட இருக்க கேம் இன்னொருத்தன்ட்ட இல்ல.”

“நாலு லேப்டாப்னா நடுவுல ஒரு சின்ன நெட்வொர்க் ஸ்விட்ச் வேணும். எட்டு கம்பி இருக்கான்னு பாத்து ஒயர் வாங்கு. இத வச்சுக்கோ.”

சுருட்டி, ரப்பர் பேண்ட் போட்டு, லேப்டாப் பைக்குள் வைத்துக்கொண்டான். நான்கு கம்பி ஒயர் இங்கேயே மேஜை டிராயரில் கிடக்கிறது.